ஓசென்னுக்குக் காய்ச்சல்

உள்ள வாம்மா. செருப்பு அங்கனயே கெடக்கட்டும், யாரும் எடுத்துட்டுப் போக மாட்டாங்க. டிவி ஆபீசுலருந்துதானே? போன்ல நீ பேசும்போதே புரிஞ்சுக்கிட்டேன். தேசிங்கு செத்துப்போனதுக்குத்தான் வந்திருக்க. இத்தனை வருசமா இந்த வாசப்படி ஏறாதவங்க, அந்த மனுசன் சப்பான்ல கண்ண மூடுனதும் ஏறி வந்திருக்கீங்க. பரவாயில்ல, உன்னையச் சொல்லல. நீயெல்லாம் அப்போ பள்ளிக்கூடத்துப் பிள்ளையா இருந்திருப்ப.

உக்காரு. இந்த ஃபேன் சத்தம் போடும், ஆனா காத்து நல்லா வரும்.

மொதல்லயே ஒண்ணு சொல்லிடுறேன். எங்க வீட்டுக்காரர் பேர மட்டும் எங்கிட்ட கேக்காத. போகும்போது என் மக நம்பர் தர்றேன், ஓசூர்ல இருக்கா, அவ சொல்லுவா. நான் சொன்னதில்ல. கல்யாணம் ஆன நாள்லருந்து சொன்னதில்ல, இப்ப அவுக போனதுக்கப்புறமும் சொன்னதில்ல. சிரிக்காத. நீ உன் வீட்டுக்காரரை பேரு சொல்லித்தான் கூப்புடுவ, இல்ல? கூப்புடு, கூப்புடு. ஒண்ணும் தப்பில்ல. எங்களுக்கு அப்பிடிப் பழகிப்போச்சு.

எங்களுக்கு கோவில்பட்டிப் பக்கம். அங்க மலையக் கொடஞ்சு ஒரு முருகன் கோயில் இருக்கு பாரு, அந்தச் சாமி பேருதான் அவுகளுக்கும். அந்த ஊரு பேரக்கூட நான் சொல்ல மாட்டேன், ‘மலையூரு’ம்பேன். பேருல பாதி ஒரு பறவை வேற. வானத்துல வட்டம் போடுமே, பருந்துக்குப் பெரியப்பன் மாதிரி, அது. மகளுக்குப் பாடம் சொல்லிக் குடுக்கும்போது அந்தப் பறவை வந்துச்சுன்னா, ‘இத உங்கப்பாட்ட கேட்டுக்கோ’ன்னு புஸ்தகத்த மூடிருவேன்.

அவுகளும் எம் பேர சொன்னதில்ல. அது ஒரு மரியாதையெல்லாம் கெடையாது, சும்மா ஒரு வாய்ச் சோம்பல். ‘இந்தா’. அவ்வளவுதான். ‘இந்தா, தண்ணி.’ ‘இந்தா, கதவச் சாத்து.’ வெளிய பேசிப் பேசிச் சம்பாதிக்கிற தொண்டை, அத வீட்டுல செலவழிக்கக் கூடாதுன்னு நெனப்பு போல. செண்பகவல்லின்னு எங்கப்பா ஆசையா வச்ச பேரு. செண்புன்னு எங்க வீட்டுல கூப்புடுவாங்க. கல்யாணத்தோட அந்தப் பேரு போச்சு, ‘இந்தா’ன்னு ஆச்சு.

சரி, சப்பான்காரர் கதைக்கு வர்றேன். அவரு பேரையும் என்னால சொல்ல முடியாது பாத்துக்கோ. தெய்ஜி குசுமோதோ. இந்தா, நீயே சிரிச்சுட்ட. நாலு பேரு இருக்கிற எடத்துல அந்தப் பின்பாதிய எப்பிடிம்மா சொல்றது? அதனால தெய்ஜியத் தேசிங்குன்னு ஆக்கிட்டேன். ஒருத்தரு பேரு மரியாதைக்குச் சொல்லல, இன்னொருத்தரு பேரு வெக்கத்துக்குச் சொல்லல. இந்த ரெண்டு ஆம்பளைங்களோடதான் நான் குடும்பம் நடத்தினேன்.

தேசிங்கும் அவுகளும் ஒரே ராசிம்மா. தேசிங்கு ஏதோ கிராமத்துலருந்து கியோட்டோன்னு ஒரு ஊருக்கு கதாநாயகனாகணும்னு வந்தாராம். அங்க ஸ்டுடியோவுல என்ன வேலை குடுத்தாங்க தெரியுமா? சாகுற வேலை. கத்திச் சண்டைப் படத்துல கதாநாயகன் வீசுவான்ல, அதுல வெட்டுப்பட்டு விழறதுக்குன்னே ஆள் வச்சிருப்பாங்களாம். அந்தக் கூட்டத்துல ஒருத்தர். காலையில ஒரு படத்துல சாவாரு, மத்தியானம் மீசைய மாத்திக்கிட்டு இன்னொரு படத்துல சாவாரு. வெட்டுப்பட்டதும் பின்னால வில்லு மாதிரி வளைஞ்சு, மூஞ்சிய கேமராவுக்குக் காட்டிட்டுத்தான் விழுவாராம். மூஞ்சி தெரியணுமேன்னு. அந்த ஒரு நொடிக்காக எத்தனை வருசம் செத்திருக்காரு பாரு. இதெல்லாம் சப்பான் பாஷை படிச்ச சார் ஒருத்தர் இங்க அவுக வேலை செய்ற ஸ்டுடியோவுக்கு வருவாரு, அவரு அவுககிட்ட சொல்ல, அவுக எங்கிட்ட சொன்னது.

அவுகளும் அப்பிடித்தான் கதாநாயகனாகணும்னு ரயிலேறி இங்க வந்தாக. மூஞ்சியில அம்மைத் தழும்பு. குரல் மட்டும் நல்லாருக்குன்னு சொல்லி டப்பிங்ல சேத்துக்கிட்டாங்க. அங்கயும் கூட்டத்துல ஒரு குரலு. ‘புடிங்கடா அவனை’, ‘ஐயோ தீ’, இதுதான் வசனம். அப்புறம் சாகுற சத்தம். வெளிநாட்டுச் சண்டைப் படம் தமிழ்ல வரும்போது, சாகுறவனுக்கெல்லாம் அவுகதான். வீட்டுல பாய விரிச்சுப் படுத்துக்கிட்டு செத்துச் செத்துப் பாப்பாக. வயித்துல குத்துனா ஒரு சத்தம், கழுத்துல வெட்டுனா ஒரு சத்தம். மாடி வீட்டம்மா ரெண்டு தடவை சொம்புத் தண்ணியோட ஓடி வந்திருக்காங்க.

அப்பிடிச் சாகையிலதான் தேசிங்கைப் புடிச்சாக. ‘இந்தா, இன்னைக்கு ஒருத்தன் செத்தான் பாரு, என்னைய மாதிரியே செத்தான்’னு வந்து சொன்னாக. அதுலருந்து எந்தப் படத்துல அந்த மூஞ்சி வந்தாலும் நான்தான் பேசுவேன்னு கேட்டு வாங்கிக்கிட்டாக. அப்புறம் ஒரு நெனப்பு வந்துருச்சு. ‘அவன் மேல வந்தாத்தான் நான் மேல வர முடியும்’னு. அவனுக்கு வசனம் கூடுனா இவுகளுக்குக் கூடும், அவன் கதாநாயகனானா இவுக கதாநாயகன் குரலு. எங்கயோ கெடக்கிற ஒரு சப்பான்காரனுக்கு நல்ல காலம் வரணும்னு வடபழனியில நான் அர்ச்சனை பண்ணியிருக்கேன், நம்புவியா?

குருக்கள் பேரு நட்சத்திரம் கேப்பாரு. அவுக பேர நான் எப்பிடிச் சொல்ல? தேசிங்கு நட்சத்திரம் யாருக்குத் தெரியும்? அதனால ரெண்டு பேருக்கும் சேத்து ஒண்ணா முடிச்சுட்டேன். ‘பேரு தேசிங்கு, விசாக நட்சத்திரம்.’ பேரு அவருது, நட்சத்திரம் அவுகளது. வாரா வாரம். சாமி பேர மட்டுந்தான் கேட்டிருக்கு, நட்சத்திரத்தக் கவனிக்கல. தேசிங்கு எம்பத்தி மூணு வயசு இருந்துட்டுப் போயிருக்காரு. அவுக அம்பத்தெட்டுலயே போயிட்டாக. எனக்கு அந்தக் கோவம் இன்னும் இருக்கு. சாமி மேலயா, தேசிங்கு மேலயான்னு கேட்டா எனக்கே தெரியல.

ஆனா அர்ச்சனைக்குப் பலன் கெடைச்சுது, இல்லேங்கல. அங்க ஒரு சீரியல் எடுத்திருக்காங்க. பெரிய நடிகர் ஒருத்தர் நடிக்க வேண்டியது, அவரு கடைசி நேரத்துல வரலைன்னுட்டாராம். அவசரத்துக்குத் தேசிங்கைப் புடிச்சு நிறுத்திட்டாங்க. அந்த ஒரு வருசந்தான் அவரு கதாநாயகன். முன்னயும் இல்ல, பின்னயும் இல்ல. அந்தச் சீரியலத்தான் ரொம்ப வருசம் கழிச்சு உங்க டிவியில வாங்கித் தமிழ்ல போட்டாங்க. ‘குடைக்காரர்’னு. நீ பாத்திருக்க மாட்ட.

கதை என்னன்னா, அவரு ஒரு வாள் வீரன். ராசா செத்துப்போயிருவாரு, வேலை போயிரும். பொழைக்கிறதுக்குக் காகிதக் குடை செஞ்சு விப்பாரு. பொண்டாட்டி பேரு ஓசென். சின்னூண்டு வீடு. அவ குடைக்குக் காகிதம் ஒட்டுவா, இவரு மூங்கில் சீவுவாரு. சண்டை ரொம்பக் கொறச்சல், பேச்சுத்தான் ஜாஸ்தி. அவுக பேசினாக பாரு, தெருவே கேட்டுச்சு. மளிகைக் கடையில ‘குடைக்காரர் வீட்டம்மா’ன்னுதான் என்னையச் சொல்லுவாங்க. அவ்வளவு பிரியமாப் பேசுவாக. ‘ஓசென், உனக்குக் குளுருதா?’ ‘ஓசென், நீ மொதல்ல சாப்புடு.’ நான் இங்க அடுப்படியில நின்னு கேட்டுக்கிட்டு இருப்பேன். டிவிய அணைச்சதும் அதே குரல்ல, ‘இந்தா, சோத்தப் போடு.’

பொறாமையான்னா கேக்குற? ஆமாம்மா, பொறாமைதான். ஓசென்னுக்குத் தமிழ்ல குரல் குடுத்த பொண்ணு மேலகூட இல்ல. அந்த ஓசென் மேல.

அந்தச் சீரியலே அவுகளுக்கு முடிவாவும் ஆயிருச்சு. அதுவும் எம் பேராலதான். அதச் சொல்லணும்.

ஒரு கட்டத்துல ஓசென்னுக்குக் காய்ச்சல் வரும். மழைன்னா மழை, அப்பிடி ஒரு மழை. வீட்டுக் கூரை ஒழுகும். அவ நெனவில்லாமக் கெடப்பா. ஊருக்கெல்லாம் குடை செஞ்சு குடுக்கிறவரு, வீட்டுக்குள்ளயே குடைய விரிச்சு அவ மூஞ்சிக்கு மேல புடிச்சுக்கிட்டு உக்காந்திருப்பாரு. மூணு தடவை அவ பேரச் சொல்லிக் கூப்புடுவாரு. வேற வசனமே கெடையாது. ‘ஓசென். ஓசென். ஓசென்.’ அவ்வளவுதான் பேச வேண்டியது.

அதுல அவுக என்ன பண்ணிட்டாக தெரியுமா? ‘செண்பு’ன்னுட்டாக. மூணு தடவையும். ‘செண்பு, செண்பு, செண்பு’ன்னு. நாக்கு தவறிருச்சு. ஆரம்பத்துலருந்து ஓசென் ஓசென்னு ஒழுங்காச் சொன்ன மனுசன், அந்த ஒரு எடத்துல சொதப்பிட்டாக. அதுவும் எப்பிடித் தப்பு? ஓசென்னு சொல்லும்போது கடைசியில வாய் தெறந்தே இருக்கும். நீயே சொல்லிப் பாரு. செண்புன்னா உதடு ஒட்டணும். தேசிங்கு வாய் தெறந்து கெடக்கு, குரல் ‘பு’ங்குது. டப்பிங்ல இதவிடப் பெரிய அசிங்கம் இல்லன்னு அவுகளே சொல்லுவாக. ‘உதடு ஒட்டுற எழுத்துல கோட்டை விடுறவன் இந்தத் தொழிலுக்கே லாயக்கில்ல’ம்பாக.

அது டிவியில வந்த அன்னைக்குத் தெருவே சிரிச்சுச்சு. ‘என்ன செண்பகக்கா, உங்க பேரு சப்பான் வரைக்கும் போயிருச்சே’ன்னு. எனக்கு மானம் போச்சு. ஆபீசுல அவுகளக் கூப்புட்டுக் கண்டபடி பேசியிருக்காங்க. அடுத்து வந்த சீரியலுக்கெல்லாம் வேற ஆளப் போட்டுட்டாங்க. மறுபடியும் கூட்டத்துக் குரலு, சாகுற குரலு. எனக்கு வந்துச்சு பாரு கோவம். ‘வீட்டுல ஒரு நாளும் வாயில வராத பேரு, வேலை செய்ற எடத்துலயா வரணும்? அந்தப் பேரு உங்க பொழைப்பக் கெடுத்துச்சா இல்லையா?’ன்னு கேட்டேன். தட்டப் பாத்துக்கிட்டே சாப்புட்டுக் கைய கழுவிட்டுப் போயிட்டாக. அதுக்கப்புறம் நாங்க அதப் பத்திப் பேசுனதே இல்ல.

தேசிங்குக்கும் எறங்குமுகந்தான். அந்தச் சீரியல் முடிஞ்சதும் அவர யாரும் கதாநாயகனாக் கூப்புடல. பேய்ப் படத்துல போலீசுக்காரர். கம்பெனிப் படத்துல குனிஞ்சு குனிஞ்சு கும்புடுற மேனேஜர். அப்புறம் ஆஸ்பத்திரிக் கட்டில்ல கெடக்குற அப்பா. வசனம் கொறஞ்சுக்கிட்டே வந்துச்சு. கடைசியா ஒரு படம் இங்க வந்துச்சு, பூங்காவுல பெஞ்சுல உக்காந்திருக்கிற கெழவன். ஒரு பெருமூச்சு மட்டுந்தான். அதுக்கும் அவுகளே வேணும்னு ஸ்டுடியோவுக்குப் போயி, அந்த ஒரு மூச்சை விட்டுட்டு பஸ் புடிச்சு வந்தாக. ‘நல்லா வந்துச்சா’ன்னு கேட்டேன். ‘அவனுக்கு வயசாயிருச்சு’ன்னாக. அந்த வருசமே இவுக போயிட்டாக.

போன வாரம் செய்தியில காட்டுனாங்க, தேசிங்கு பழைய பேட்டி ஒண்ணு. அவரு சொந்தக் குரல்ல பேசுறாரு. மெலிசா, கீச்சுன்னு, மூக்கால. எனக்கு எரிச்சல் வந்துருச்சு. ‘யாருடா இது, யாரு கொரல மாத்துனது’ன்னு டிவிகிட்டச் சண்டை போட்டேன். பைத்தியம்னு நெனச்சுக்காத. எனக்கு அந்த மூஞ்சியில அந்தக் குரல்தாம்மா. அவுக போனப்புறம் நீங்க அந்தச் சீரியல ரெண்டு மூணு தடவை மறுபடி போட்டீங்கள்ல, அப்பல்லாம் நான் சாப்பாட்டுத் தட்டோட வந்து உக்காந்துருவேன். அந்தக் காய்ச்சல் எடம் வந்தா மட்டும் எந்திரிச்சு அடுப்படிக்குப் போயிருவேன். அந்தத் தப்பைக் கேக்க எனக்கு மனசு வராது.

வர்ற திங்கக்கிழமையிலருந்து மறுபடி போடுறீங்களாமே. மக சொன்னா.

என்னம்மா, தலையக் குனிஞ்சுக்கிட்ட?

புதுசா பேச வச்சிருக்கீங்களா? யாரு, வேற ஆளா? ஏன்? ... படம் மட்டுந்தான் இருக்கா? சத்தம் இருக்கிற டேப்பு பூஞ்சை புடிச்சுப்போச்சா? எல்லாமேவா?

எங்கிட்ட எங்கம்மா இருக்கும்? ஒரு கேசட்டுகூட இல்ல. டிவியிலதான் வந்துக்கிட்டே இருக்கே, எதுக்குப் புடிச்சு வைக்கணும்னு இருந்துட்டேன். போட்டோ இருக்கு, அதுல மாலை போட்டிருக்கு. போட்டோ பேசுமா?

ஒரு நிமிசம் இரு. ... இல்ல, தண்ணி வேணாம். ஒண்ணுமில்ல.

அப்போ அவுக அப்பிடிப் பிரியமாப் பேசுன குரலு எங்கயுமே இல்ல. அப்பிடித்தானே? தேசிங்கு செத்துட்டாரு, ஆனா அவரு வெட்டுப்பட்டு விழுந்ததுகூட எங்கயாவது படத்துல இருக்கும். அவுக இப்பத்தாம்மா முழுசாப் போயிருக்காக. அதச் சொல்றதுக்கா இந்த வெயில்ல வந்த?

தெரியும், தெரியும். நீ நல்ல பிள்ள. தேசிங்கு பத்தி அரை மணி நேரம் காட்டுவீங்க, அதுல ‘தமிழ்க் குரல்’னு அவுக பேரப் போடுவீங்க. அதாவது போடுங்க. டப்பிங்காரங்க பேர அந்தக் காலத்துல யாரு போட்டா? ஸ்டுடியோவுலகூட ‘சப்பான் சார்’னுதான் கூப்புடுவாங்க. மக நம்பர எழுதிக்கோ.

என்ன கேக்குற? எனக்கு எப்போ காய்ச்சல் வந்துச்சுன்னா? நான் எப்போ சொன்னேன்? ஓ, போன்ல பொலம்புனேனா. ஆமாம்மா, அது ஒரு தனிக் கொறை. அந்தச் சீரியல் பேசிக்கிட்டு இருந்த சமயம் எனக்கு விஷக் காய்ச்சல். ஆஸ்பத்திரியில நெனவில்லாமக் கெடந்தேன். பொழைக்க மாட்டேன்னு எங்க அக்காவ வரச் சொல்லிட்டாங்களாம். அப்பவும் இந்த மனுசன் விடிஞ்சதும் பேசப் போயிட்டாக. நான் இங்க சாகக் கெடக்கேன், அவுக அங்க சப்பான்காரி காய்ச்சலுக்குக் கண்ணீர் விட்டுக்கிட்டு இருந்தாக. பொண்டாட்டிகிட்ட ஒரு நாள் உக்காரக் கூடாதா? இத நான் அவுக சாகுற வரைக்கும் சொல்லிக் காட்டியிருக்கேன்.

அதே நாளான்னா? தெரியலையே. டிவியில வந்தது ரெண்டு மாசம் கழிச்சு. நான் நல்லாகி வீட்டுக்கு வந்து, முடியெல்லாம் கொட்டி, மறுபடி முளைச்ச பிறகு. ரெண்டையும் நான் சேத்துப் பாத்ததே இல்ல. அது வேற கொறை, இது வேற கொறை.

அவுக போனப்போ துக்கம் கேக்க சவுண்ட் இன்ஜினியர் பிலிப் சார் வந்தாரு. பாவம், அவரும் இப்ப இல்ல. அவரு சொன்னாரு, ‘அந்தக் காய்ச்சல் எடம் பேசுன அன்னைக்குக் கையில தூக்குவாளியோட வந்துட்டாரும்மா. மைக்குகிட்ட அது டங்கு டங்குன்னு சத்தம் போடுது, வாங்கி வெளிய வச்சேன். பேசி முடிச்சதும், பேரு தப்பா இருக்கு சார், உதடு சேரல, இன்னொரு தடவை சொல்லுங்கன்னேன். இதுக்கு மேல என்னால வராது சார்னுட்டு, வாளிய எடுத்துக்கிட்டு ஓடியே போயிட்டாரு’ன்னு. நான் அன்னைக்கும் என்ன நெனச்சேன், பாத்தியா திமிர, இன்னொரு தடவை சொல்லிக் குடுத்திருந்தா பொழைப்பு போயிருக்குமான்னு நெனச்சேன். தூக்குவாளியோட யாராவது வேலைக்குப் போவாங்களான்னு சிரிச்சேன்.

என்னது?

வாளியில என்ன இருந்துச்சுன்னா?

கஞ்சி. ஆஸ்பத்திரியில எனக்கு... அக்கா சொல்லுவா. காலையில கஞ்சி கொண்டாருவாக, நான் முழிக்கவே மாட்டேனாம், அப்பிடியே மூடி வச்சுட்டு உக்காந்திருப்பாகளாம். அப்புறம் அதத் தூக்கிக்கிட்டே போயி, மத்தியானம் மறுபடி வருவாகளாம்.

அக்கா சொல்லுவா. அக்கா எல்லாத்தையும் சொல்லியிருக்கா.

...

நாக்கு தவறல, இல்லம்மா?

மூணு தடவை. மூணு தடவையும் நாக்கு தவறுமா? உதடு ஒட்டுற எழுத்துல ஒரு நாளும் கோட்டை விடாத மனுசன்.

எனக்கு முன்னால நின்னு கூப்புட வெக்கம். அடுத்தவன் வாய்க்குள்ள போயி நின்னுக்கிட்டுக் கூப்புட்டிருக்காக. நான் அதக் கேட்டுட்டு என்ன பண்ணுனேன்? அந்தப் பேரு உங்க பொழைப்பக் கெடுத்துச்சான்னு கேட்டேன். ஒவ்வொரு தடவை அந்த எடம் வரும்போதும் எந்திரிச்சு அடுப்படிக்குப் போனேன். போட்டீங்களே, ரெண்டு மூணு தடவை போட்டீங்களே. ஒரு தடவை உக்காந்து கேட்டிருக்கலாம். அவுக கூப்புட்டதுக்கு ஒரு தடவை ‘என்னங்க’ன்னு சொல்லியிருக்கலாம்.

புதுசாப் பேசுனவரு அந்த எடத்துல என்ன சொல்றாரு? ‘ஓசென்’னா? உதடு சேருதா? ம். சரியாத்தான் செஞ்சிருக்கீங்க. அதுதானே அவ பேரு.

இரும்மா, எந்திரிக்காத. மக நம்பர அழிச்சுடு. அவகிட்ட கேக்க வேணாம். நானே சொல்றேன், எழுதிக்கோ.

கழுகாசலம்.

கேக்கலையா? இந்த ஃபேன் சத்தம் வேற. அத நிப்பாட்டு.

கழுகாசலம்.

கழுகாசலம்.